கேளாது நீக்குதல் முறையாகுமா?

(உத்தரகோசமங்கையில் ஆற்றிய உரை)



திருவாதவூரடிகள் பாடிப் பரவிய ஊரில் நின்று பேசுகின்றேன். பாண்டியனுக்கு அமைச்சராயிருந்த அவர், குதிரை வாங்கக் கொடுத்த பொருளைக் கோயிற்பணிக்குச் செலவிட்டார் என்றும், அதனால் அரசனால் ஒறுக்கப்பட்டார் என்றும் தொன்மக் கதை கூறும். பொதுப்பொருளை வேறுவழியிற் செலவிட்டார் என்பதே அவர்மேல் எழுந்த குற்றச்சாட்டு. இன்று ஓர் ஊராட்சித் தலைவரை நீக்க முனைவோர் முதலில் எடுத்து நீட்டும் குற்றச்சாட்டும் அதுவேயன்றோ?

குற்றம் உண்டா, இல்லையா என்பது இரண்டாம் வினா. அதனை எவ்வாறு உசாவி அறிவது, யார் அறிவது என்பதே முதல் வினா. கண்மாய் நீரை முறைவைத்துப் பாய்ச்சும் முகவை மண்ணின் மக்களுக்கு 'முறை' என்னும் சொல்லை நான் விளக்க வேண்டுவதில்லை. வரிசைக்கும் முறை என்றே பெயர். நெறிக்கும் முறை என்றே பெயர். அரசன் வழங்கும் நயனுக்கும் முறை என்றே பெயர். வரிசை தப்பினால் நயனும் தப்பும் என்பதை நம் மொழியே சொல்லி வைத்திருக்கின்றது.

மதுரையில் நிகழ்ந்தது என்ன? பொற்கொல்லன் ஒருவன் சொன்னான், பாண்டியன் நம்பினான், கோவலனை அழைத்து ஒரு சொல்லும் கேட்டானில்லை. குற்றஞ்சாட்டியவனே கள்வன் என்பது பின்னரே வெளிப்பட்டது. சிலம்பினுள் இருந்தது முத்தா, மாணிக்கமா என்று உடைத்துப் பார்க்கும் வேலையைக் கொலைக்கு முன்னே செய்திருந்தால் மதுரை எரிந்திராது. வள்ளுவரும் செங்கோன்மை அதிகாரத்தில் முதன்முதலாக ஆராய்தலையே வைத்தார், ஒறுத்தலை வைத்தாரில்லை.

உத்தரமேரூர்க் கல்வெட்டுகளை எண்ணிப் பாருங்கள். முதற் பராந்தக சோழன் காலத்தில், கி.பி. 919, 921 ஆகிய ஆண்டுகளில் வெட்டப்பட்டவை அவை. வாரியப் பணி செய்து கணக்குக் காட்டாதவர் மீண்டும் குடவோலைக்கு உரியவரல்லர் என அவை விதித்தன. அந்த அவை நிலமும் வேதக்கல்வியும் உடைய பார்ப்பனரின் அவை. உழவனுக்கும் பெண்ணுக்கும் அங்கே இடமில்லை. ஆதலின் அதனை முழுமையாகப் போற்ற நான் ஒருப்படேன். ஆயினும் ஒன்று கொள்ளத்தக்கது. தகுதியின்மை எது என்பதை, ஆளைப் பார்த்து அன்று, ஆள் வருமுன்பே எல்லாரும் காணக் கல்லில் வெட்டி வைத்தனர்.

இனி, இன்றைய சட்டத்திற்கு வருவோம். 1994-ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம், 205-ஆம் பிரிவில், ஊராட்சித் தலைவரை நீக்கும் வழியை வகுத்துள்ளது. மாவட்ட ஆட்சியர் தாமாகவே தொடங்கலாம். அல்லது மூன்றில் இரண்டு பங்கு உறுப்பினர் கையொப்பமிட்ட முறையீட்டின்மேல் தொடங்கலாம். குற்றச்சாட்டை எழுதித் தலைவரிடம் விளக்கம் கேட்டல் வேண்டும். விளக்கம் நிறைவு தராவிடின், வட்டாட்சியர் ஊராட்சியைக் கூட்டி, அறிவிப்பையும் விளக்கத்தையும் படித்துக் காட்டி, உறுப்பினர் கருத்தை அறிதல் வேண்டும். பின்னர் நீக்குவதோ விடுப்பதோ ஆட்சியரின் முடிவு.

படிகள் உள்ளன, ஒப்புக்கொள்கின்றேன். ஆனால் குற்றஞ்சாட்டுபவரும் ஆட்சியர், விளக்கம் போதாது என்பவரும் ஆட்சியர், நீக்குபவரும் ஆட்சியர்! வழக்காடுபவனே நடுவனாகவும் அமர்ந்தால், அது முறைமன்றமாகுமா?

உறுப்பினர் கையொப்பமும் எப்போதும் தூய்மையானதன்று. மேலவளவில் ஒடுக்கப்பட்டோர்க்கு ஒதுக்கிய தலைமையை ஏற்ற முருகேசன் 1997 சூன் 30 அன்று வெட்டிக் கொல்லப்பட்டார். அன்று அரிவாள் செய்ததை நாளை ஒரு தாளும் சில கையொப்பங்களும் செய்துவிடக் கூடாது. உசாவல் முறையே எளியவனுக்கு வேலி.

பிற மாநிலங்களிலும் இக்கேடு உண்டு. மராட்டிய மாநிலத்தின் உரண் நகராட்சித் தலைவரை நீக்கிய ஆணை செல்லாது என 2012-இல் உச்ச அறமன்றம் தீர்ப்பளித்தது. மக்கள் தேர்ந்தவரை நீக்குவது அவர் பெயருக்கு மாசு சேர்ப்பது. ஆதலின் நெறிமுறையை இம்மியும் வழுவாமல் பின்பற்றுதல் வேண்டும் என்பது அத்தீர்ப்பின் கருத்து. அதே மாநிலத்தில் ஒரு சிற்றூர்த் தலைவி, அரசு நிலத்தில் அமைந்த மாமியார் வீட்டில் குடியிருக்கிறார் என்று சொல்லி நீக்கப்பட்டார். தனியே வாடகை வீட்டில் வாழ்கின்றேன் என்று அவர் சொன்னதை எவரும் சரிவர ஆராயவில்லை. 2024 செப்தம்பரில் உச்ச அறமன்றம் அந்நீக்கத்தையும் தள்ளியது. ஆனால், எத்தனை சிற்றூர்த் தலைவிகளால் தில்லிவரை சென்று வழக்காட இயலும்?

தோழர்களே! 1976, 1980, 1991 ஆகிய ஆண்டுகளில் தமிழக மக்கள் தேர்ந்த ஆட்சிகளைத் தில்லி கலைத்தது. 1991-இல் ஆளுநர் அறிக்கை தராதபோதும் கலைத்தது. கேளாமல் கலைத்தனரே என்று நாம் கொதித்தோம். அக்கொதிப்பு நேர்மையானது. ஆனால், நமக்குத் தில்லி செய்ததை நம் சிற்றூர்களுக்கு நாமே செய்யலாமா? 1993 ஏப்பிரல் 24-இல் நடப்புக்கு வந்த 73-ஆம் திருத்தம், உறுப்பினரின் தகுதியிழப்பை யார் முடிவு செய்வது என்பதை மாநிலச் சட்டமே வகுக்கலாம் என்றது. இங்கே தில்லியைக் குறை கூறித் தப்ப முடியாது. கோல் நம் கையில் இருக்கின்றது. கோணினால் பழியும் நம்முடையதே.

நாம் கேட்பன ஐந்து. குற்றச்சாட்டும் அதற்குரிய சான்றுகளும் எழுத்தில் முன்கூட்டியே தரப்படல் வேண்டும். மறுமொழிக்குப் போதிய காலமும் நேரிற் பேசும் வாய்ப்பும் வேண்டும். தீர்ப்பவர் ஆட்சியர் அல்லர். மாவட்ட அறமன்ற நடுவராதல் வேண்டும். தீர்ப்பில் கரணியம் எழுதப்படல் வேண்டும். மேல்முறையீடு முடியும்வரை நீக்கம் நடப்புக்கு வருதல் கூடாது.

கள்வனைக் காக்க இதனைக் கேட்கவில்லை. ஊர்ப்பணத்தை உண்டவன் ஒருநாளும் தலைமையில் இருத்தல் ஆகாது. ஆனால் அவன் உண்டான் என்பதை ஊரறியக் காட்டிவிட்டு நீக்குங்கள். அந்த இருக்கை அவனுடையதன்று. வெயிலில் வரிசையில் நின்று ஒப்போலை இட்ட உங்களுடையது. உங்களைக் கேளாமல் அதனை எடுக்க எவருக்கும் உரிமையில்லை.

முறை வெல்க! தமிழ் வாழ்க!