ஏலம் போட்டவரும் பரப்பியவரும்

(வண்டலூர் பெற்றோர் கூட்டத்தில் அறக்கட்டளைச் செயலாளர் ஆற்றிய உரை)



2022 ஜனவரி 1. நம் தாம்பரத்துக்குத் தனிக் காவல் ஆணையரகம் தொடங்கப்பட்ட அதே நாள். அன்று நாட்டின் பல ஊர்களில் முஸ்லிம் பெண்கள் கைப்பேசியைத் திறந்தால், அவர்கள் முகமே ஏலத்தில் இருந்தது. ‘புல்லி பாய்’ என்ற செயலி. நூற்றுக்கும் மேற்பட்ட பெண்கள். 2021 ஜூலையிலேயே ‘சுல்லி டீல்ஸ்’ என்று ஒன்று வந்திருந்தது. இரண்டும் நம் பெண்களை ஏசும் சொற்கள்.

எந்த விற்பனையும் நடக்கவில்லை. பிறகு எதற்கு? யார் யாரைக் குறிவைத்தார்கள் என்று பாருங்கள், புரியும். பத்திரிகையாளர்கள், விமானி ஹனா மொஹ்சின் கான், 2016இல் காணாமல்போன மாணவர் நஜீபின் தாயார். மகன் எங்கே என்று கேட்டு வீதிக்கு வந்த தாய் அவர்! பலரும் பொதுவெளியில் வாய் திறந்தவர்கள். பதில் சொல்ல முடியாதபோது வெட்கப்படுத்தி வீட்டுக்குள் அனுப்பிவிடுவது அரசியலில் மலிவான ஆயுதம்.

முதல் தடவை புகார் கொடுத்தும் ஆறு மாதம் யாரும் கைதாகவில்லை. இரண்டாம் தடவை மும்பை காவல்துறை பிடித்தவர்களில் 21 வயது பொறியியல் மாணவர் ஒருவர், 18 வயதுப் பெண் ஒருவர். நம் வீட்டுப் பிள்ளைகளின் வயதுதான்.

இப்படி ஒன்று வந்தால் ‘அநியாயத்தைப் பாருங்கள்’ என்று முகம் மறைக்காமல் குழுக்களுக்கு அனுப்புகிறோமே, ஏலக்காரன் நினைத்ததும் அதுதான். ஜமாஅத் தேர்தலில் எதிரணிக்காரரின் வீட்டு விஷயத்தை ஸ்கிரீன்ஷாட் எடுத்துப் பரப்புவதும் அதே ஆயுதம்தான், அளவுதான் சிறிது. கேலி, பட்டப்பெயர், துருவல், புறம் எல்லாவற்றையும் ஹுஜுராத் அத்தியாயம் அடுத்தடுத்த வசனங்களில் தடுக்கிறது. தேர்தலுக்கு விலக்கு இல்லை!

இன்னொன்று, தந்தைமார்களுக்கு. மகளின் படம் தவறாக வந்தால் அவளுடைய கைப்பேசியைப் பிடுங்குகிறோம், கல்லூரியை நிறுத்துகிறோம். செய்தவன் ஊர் சுற்றுகிறான். ஹனா கான் ஒளியவில்லை. தாமே காவல்துறையில் புகார் கொடுத்தார்.

படத்தை அவசரப்பட்டு அழிக்காதீர்கள். தேதி, இணைப்பு இரண்டையும் எடுத்து வைத்துக்கொண்டு 1930க்கு அழையுங்கள், அல்லது சைபர் க்ரைம் பிரிவுக்குச் செல்லுங்கள். மனு எழுதத் தெரியாவிட்டால் சனிக்கிழமை அஸருக்குப் பிறகு நம் அலுவலகத்துக்கு வாருங்கள். சகோதரி ஒருவர் எழுதித் தருவார். பிள்ளை தனியாக வந்தாலும் சரி, தாயோடு வந்தாலும் சரி, பெயரைப் பதிவேட்டில் எழுத மாட்டோம்.