அனந்தனின் ஊரில் மணி என்ன?

திருவனந்தபுரம் என்றதும் ஏழுநிலைக் கோபுரம், மிருகசாலை, கோவளம் என்று உங்களுக்கே வரிசையாக நினைவுக்கு வந்திருக்கும். அவற்றை உங்களிடமே விட்டுவிடுகிறேன். கிழக்கேகோட்டையில் இறங்கி, மேற்கே சங்குமுகம் கடற்கரை வரைக்கும் என்னோடு நடந்து வாருங்கள். கதைகளில் காலம் வேறு மாதிரி ஓடும் தேசங்கள் வருமே, அப்படி ஒரு தேசத்தின் சாயலை இந்த வழியில்தான் நான் கண்டேன்.

முதலில் நிற்க வேண்டிய இடம் மேத்தன் மணி. பெருமாள் கோயிலின் பத்மதீர்த்தக் குளத்தைப் பார்த்தபடி இருக்கும் பழைய மாளிகையின் உச்சியில் அந்தக் கடிகாரம் இருக்கிறது. அதற்கு மேலே தாடி வைத்த ஒரு மனிதத் தலை, இரண்டு பக்கமும் இரண்டு ஆட்டுக்கிடாக்கள். மணி அடிக்கும்போது அந்த வாய் திறக்கும். கிடாக்கள் இரண்டும் பாய்ந்து வந்து கன்னத்தில் முட்டும். சின்ன வயதில் குளக்கரையில் அண்ணாந்து நின்று கழுத்து வலித்துப்போய் நான் சிணுங்கினால், பாட்டா, அதாவது என் தாத்தா, என் தோளை அழுத்தி, “கொஞ்சம் பொறு மக்களே, இப்பம் முட்டும்” என்பார்.

இது சுவாதித் திருநாள் மகாராஜா காலத்துச் சமாச்சாரம். அவருடைய கீர்த்தனைகளைக் கேட்டிருப்பீர்கள். வானத்தைப் பார்ப்பதிலும் அவருக்கு அதே ஈடுபாடு. ஆலப்புழையில் திருவிதாங்கூர் அரசின் வணிக முகவராக இருந்த ஜான் கால்டிகாட் என்ற ஆங்கிலேயர் சொந்தக் கருவிகளை வைத்துக்கொண்டு வானத்தை ஆராய்ந்து வந்தார். அவரையே அழைத்து 1837-இல் இங்கே ஒரு வானாய்வுக்கூடம் அமைத்தார் மகாராஜா. கால்டிகாட்டின் மேற்பார்வையில் உள்ளூர்க் கைவினைஞர் ஒருவர்தான் மேத்தன் மணியைச் செய்தார் என்று ஊரில் சொல்வார்கள்.

இப்போது ஒரு விஷயம் சொல்கிறேன், கணக்குப் போட்டுப் பாருங்கள். 1906-இல் நாடு முழுவதற்கும் ஒரே நேரம் என்று வகுத்தபோது, அலகாபாத் பக்கம் போகும் 82½ பாகைக் கோட்டின் சூரியனை அளவுகோலாக எடுத்துக்கொண்டார்கள். திருவனந்தபுரம் இருப்பதோ கிட்டத்தட்ட 77 பாகையில். பாகைக்கு நான்கு நிமிடம். ஆக, உங்கள் கைக்கடிகாரம் பன்னிரண்டு காட்டும்போது இந்த ஊர்ச் சூரியன் உச்சிக்கு வர, சராசரியாக இன்னும் 22 நிமிடம் இருக்கிறது! கோயில் குளத்தில் நிழல் ஒரு நேரம் சொல்லும், ரயில் நிலையக் கடிகாரம் இன்னொரு நேரம் சொல்லும்.

பாட்டாவுக்கு இதிலிருந்து ஒரு புராணம் பிறந்துவிடும். ககுத்மி என்று ஒரு ராஜா. மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்க பிரம்மலோகம் போனான். அங்கே கச்சேரி நடந்துகொண்டிருந்தது, முடியட்டும் என்று நின்றான். முடிந்ததும் பிரம்மா சிரித்தார்: “நீ நினைத்து வைத்திருந்த வரன்களெல்லாம் மடிந்து, 27 சதுர்யுகம் கடந்துவிட்டதப்பா.” திரும்பி வந்து பார்த்தால், மண்ணுலகில் மனிதர்கள் குள்ளமாகிவிட்டார்கள். ரேவதி மட்டும் பழைய யுகத்து உயரத்தில் நிற்கிறாள். அவளுக்கு வரன் பலராமன். அவன் தன் கலப்பை நுனியால் அவளை அழுத்தித் தன் காலத்து உயரத்துக்குக் கொண்டுவந்தான் என்கிறது விஷ்ணு புராணம். பலராமன் யார்? ஆதிசேஷன், அனந்தன். “அந்த அனந்தன் மேலதான் மக்களே, இந்த ஊர்ப் பெருமாள் படுத்திருக்காரு” என்று பாட்டா முடிப்பதற்குள் கிடாக்கள் மறுபடி முட்டிவிடும்.

கதையில் கடல் மறந்தே போயிற்று, பாருங்கள்! ஆனால் இந்த ஊர்க்காரர்களை அவர்கள் காலம் எப்படி வளர்த்திருக்கிறது என்று சொல்லாமல் நகர மனமில்லை. பழைய திருவிதாங்கூரைச் சேர்ந்த நாஞ்சில் நாட்டு நிலப் பத்திரங்களில் நானே பார்த்திருக்கிறேன், ஆண்டு என்றால் கொல்லம் ஆண்டுதான். கி.பி. 825-இல் தொடங்கிய கணக்கு. 1200-ஆம் ஆண்டு 2024 ஆவணியில் பிறந்தது. கோயிலில் ஆறு வருடத்துக்கு ஒருமுறை முறைஜபம், 56 நாள் வேதம் ஓதி, மகர சங்கராந்தியன்று லட்சதீபம். கோட்டைக்குள் இருக்கும் வயதானவர்கள் கல்யாணத்தையும் சாவையும் ‘இந்த லட்சதீபத்துக்கு முந்தி, அந்த லட்சதீபத்துக்குப் பிந்தி’ என்றுதான் நினைவில் வைத்திருப்பார்கள். அந்த நிதானம் அவர்கள் பந்தியிலும் உண்டு. சூடான போளியை இலையில் விரித்து, மேலே பால்பாயசத்தை ஊற்றி, ஊறும்வரை காத்திருந்து பிய்த்துச் சாப்பிடுவார்கள். அவசரப்பட்டால் போளி தனி, பாயசம் தனி.

சரி, மேற்கே வந்துவிட்டோம். வள்ளக்கடவு தாண்டினால் விமான நிலையம். பெருமாள் கடலில் நீராடப் போகும் ஆறாட்டு ஊர்வலத்தின் பாதையிலேயே 1932-இல் அமைந்தது அது. பங்குனியிலும் ஐப்பசியிலும், வருடத்துக்கு இரண்டு நாள், சாயங்காலம் சுமார் ஐந்து மணி நேரம் விமானங்களை நிறுத்திவிடுகிறார்கள். பெருமாள் கருட வாகனத்தில் வருகிறார், நரசிம்மரும் கிருஷ்ணரும் கூட வருகிறார்கள். அரச குடும்பத்துப் பெரியவர் உருவிய வாளோடு முன்னால் நடக்க, யானையும் தீவட்டியுமாக ஓடுபாதையைக் கடந்து கடலுக்குப் போய் நீராடி, இரவில் அதே வழியாகத் திரும்புகிறார்கள். உலக நேரப்படி பறக்கும் விமானங்கள் அதுவரை காத்திருக்கின்றன. இதைவிட அழகாக ஓர் ஊர் தன் நேரத்தைக் காப்பாற்றி நான் பார்த்ததில்லை.

நேயர்களே, அந்த மாதங்களில் விமானத்தில் வருவதாக இருந்தால், சீட்டு எடுக்குமுன் ஆறாட்டு என்றைக்கு என்று கேட்டுக்கொள்ளுங்கள். அன்றைக்கே வாருங்கள், காலை விமானத்தில். மதியம் போளி சாப்பிட்டுவிட்டு நாலு மணிக்கே சங்குமுகம் போய்விட்டால் முன்வரிசையில் இடம் கிடைக்கும்.