சாக்குத் துணியில் எழுதிய சரித்திரம்

(தொழிற்சங்கக் கூட்டமொன்றில் ஆற்றிய உரை)



சாக்கை அறியாத உழைப்பாளி இந்தக் கூட்டத்தில் இல்லை. களத்தில் நெல்லை அளந்து போடுவதும் சாக்கில். மூட்டை சுமந்து முதுகு கூனுவதும் அதனால். கிழிந்தபின் கால்மிதியாகப் போடுகிறோம். அந்தச் சாக்கைக் கொண்டே சரித்திரம் சொல்லும் ஒரு கலைஞரைப் பற்றி இன்று பேச விரும்புகிறேன்.

அவர் பெயர் இப்ராஹிம் மகாமா. மேற்கு ஆப்பிரிக்காவில், கானா தேசத்தின் வடபகுதியிலுள்ள தமாலே நகரில் 1987-ல் பிறந்தவர்.

கானாவில் விளையும் கோகோக் கொட்டையில்தான் சாக்லேட் செய்கிறார்கள். பிரிட்டிஷ் ஏகாதிபத்தியம் ஆண்டபோது கொட்டை கப்பலேறியது. 1957-ல் விடுதலை கிடைத்த பின்பும் கப்பலேறுகிறது. லாபத்தின் பெரும்பங்கு அயல்நாட்டு முதலாளிகளுக்கே! கொட்டையை அடைக்கும் சணல் சாக்கு எங்கிருந்து வருகிறது? வங்காளதேசத்திலும் இந்தியாவிலும் உள்ள ஆலைகளிலிருந்து. நம்மைப் போன்ற ஆலைத் தொழிலாளி நெய்கிறான். அங்கே நம்மைப் போன்ற விவசாயி நிரப்புகிறான். கோகோ போனபின் அதே சாக்கு தானியம் சுமக்கிறது, கடைசியில் அடுப்புக்கரி சுமக்கிறது.

மகாமா புதுச் சாக்கைக் கொடுத்துப் பழைய சாக்கை வாங்குகிறார். வேர்வையும் ஒட்டும் கரியும் படிந்தது அதில்தானே! கிராமத்தை விட்டு நகருக்குப் பிழைக்க வந்தவர்களைக் கூலிக்கு அமர்த்தி, அவற்றை ஒரே விரிப்பாகத் தைக்கிறார். 2015-ல் இத்தாலியின் வெனிஸ் நகரில் ஒரு நீண்ட நடைபாதையின் சுவர்களை அது மூடியது. 2017-ல் ஜெர்மனியின் காசல் நகரில் கட்டடங்களையே போர்த்தியது.

தைத்தவர்களில் பலர் முன்கையில் பெயர் பச்சை குத்தியவர்கள். வெளியூர் போகும் வழியில் விபத்தில் செத்தால், யார் வீட்டுப் பிள்ளை என்று அடையாளம் தெரிய வேண்டுமாம்! அந்தக் கைகளையும் மகாமா படமெடுத்துக் காட்சிக்கு வைத்தார்.

இங்கே ஒரு கேள்வி எழுகிறது. சீமான்கள் பார்க்க வரும் கண்காட்சியில் கலைஞரின் பெயர் பெரிதாக நிற்கிறது. தைத்த கைகளுக்கு என்ன மிச்சம்? கேட்க வேண்டிய கேள்விதான். கலையில் வந்த பணத்தை மகாமா தமாலேயில் போட்டார். 2019-ல் அங்கே ஒரு கலைக்கூடம் திறந்தார். நெக்ரூமா காலத்தில் எழும்பி, 1966-ல் ராணுவம் ஆட்சியைக் கவிழ்த்தபின் பாழாய்க் கிடந்த தானியக் களஞ்சியம் ஒன்றையும் விலைக்கு வாங்கி மக்கள் கூடும் இடமாக்கினார். இது பாராட்டத் தக்கது.

ஆனால் ஒரு கலைஞரின் நல்ல மனம் மட்டும் போதாது, தோழர்களே. நமது ஞாபகத்தை நாமே காக்க வேண்டும். பழைய சம்பளச் சீட்டு, கதவடைப்பு நோட்டீஸ், நடவு நட்ட தாய்மார்களின் பெயர் இவையெல்லாம் சங்க அலுவலகத்தில் பத்திரமாக இருக்கட்டும். வேலை நிறுத்தத்தில் நின்ற கிழவர் சொல்லச் சொல்ல, படித்த இளைஞன் எழுதி வைக்கட்டும்.

சாக்கில் முதலாளியின் முத்திரை தானாகவே விழுகிறது. தைத்தவன் பெயரை நாம்தான் எழுத வேண்டும்!