படித்துறையில் உயர்ந்த போன்கள்



போன ஆடி அமாவாசையன்று ஸ்ரீரங்கம் அம்மா மண்டபத்தில் ஒரு நடிகர் தகப்பனாருக்குத் தர்ப்பணம் கொடுத்துக்கொண்டிருந்தார். ஈர வேட்டி, விரலில் பவித்திரம், உள்ளங்கையில் எள்ளும் தண்ணீரும். சுற்றிலும் போன்கள் உயர்ந்தன. மைக் பிடித்த ஒரு பையன் படியிறங்கி வந்து, "சார், விவாகரத்துன்னு சொல்றாங்களே, உண்மையா?" என்றான். அவர் நிமிரவில்லை. கை மட்டும் நடுங்கியது. இரண்டு படி மேலே நின்ற நான் வாய் திறக்கவில்லை. அது இன்னும் உறுத்துகிறது.

நம் திருச்சிக்காரர் ஒருவரை, அடுத்தவர் அந்தரங்கத்தின் மீதான இந்தப் பசி ஏற்கெனவே விழுங்கியிருக்கிறது. சிறுவனாக ரசிக ரஞ்சன சபா நாடகத்தில் லோகிதாசனாக நின்று, பின்னாளில் திரை நாயகனான எம்.கே. தியாகராஜ பாகவதரைத்தான் சொல்கிறேன். 1940-களில் சென்னையில் லட்சுமிகாந்தன் என்பவர் 'சினிமா தூது' என்ற பத்திரிகை நடத்தினார். நடிகர் நடிகையர் வீட்டு அந்தரங்கம்தான் அதன் சரக்கு. எழுதாமலிருக்கப் பணம் கேட்டார் என்றும் பேச்சு. நட்சத்திரங்கள் கவர்னரிடம் மனுக் கொடுத்தார்கள், பத்திரிகை நின்றது. பிறகு அதே சரக்கு 'இந்து நேசன்' என்ற பெயரில் வந்தது. காசு கொடுத்து வாங்க ஆள் இருந்தது, ஐயா!

1944 நவம்பர் 8-ல் வேப்பேரியில் லட்சுமிகாந்தனைக் கத்தியால் குத்தினார்கள், மறுநாள் இறந்தார். எவ்வளவு கேவலமாக எழுதியவருக்கும் அந்தச் சாவு வந்திருக்கக் கூடாது. அந்தக் கொலை வழக்கில் பாகவதருக்கும் கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனுக்கும் ஆயுள் தண்டனை. மேல்முறையீடு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், 1947-ல்தான் விடுதலை. பாகவதரின் 'ஹரிதாஸ்' மூன்று தீபாவளி கண்ட படம். அதில் இரண்டு தீபாவளிக்கு அதன் நாயகன் சிறையில் இருந்தார். வெளியே வந்தவருக்குப் பழைய வாழ்வு திரும்பவில்லை. 1959-ல், 49 வயதில் போய்விட்டார். சங்கிலியாண்டபுரத்தில் அவர் சமாதி இருக்கிறது.

பத்திரிகையின் வாயைக் கட்டச் சொல்லவில்லை நான். கொலைக் குற்றவாளி ஆட்டோ சங்கரின் வாழ்க்கைக் கதையை 'நக்கீரன்' வெளியிடுவதை அதிகாரிகள் தடுக்கப் பார்த்தபோது, முன்கூட்டித் தடுக்க முடியாது என்று 1994-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஒருவரின் குடும்பம், திருமணம், பிள்ளைப்பேறு பற்றிச் சம்மதமில்லாமல் எழுதக் கூடாது என்றதும் அதே தீர்ப்புதான். அதிகாரி வாங்கும் லஞ்சத்தைத் தோண்டி எழுதுங்கள். படம் மோசமா, கிழித்துப் போடுங்கள். படுக்கையறைக் கதவில் காது வைப்பது எந்தச் சுதந்திரத்தில் சேர்த்தி?

அந்த ஆடி அமாவாசை ராத்திரி, அம்மா மண்டபப் படித்துறை வீடியோ எங்கள் தெரு வாட்ஸ்அப் குழுவுக்கும் வந்தது. அனுப்பியவரைப் போனில் கூப்பிட்டேன். "அண்ணே, அவர் அப்பாவுக்கு எள்ளுந்தண்ணியும் விட்டுக்கிட்டிருந்தார். நான் பக்கத்துல நின்னேன். அதை எடுத்துடுங்க" என்றேன்.