சாப்ளின் எடுத்துவிட்டு நீக்கிய முடிவு

சார்லி சாப்ளினின் 'மாடர்ன் டைம்ஸ்' 1936ஆம் ஆண்டில் வெளிவந்தது. பேசும் படங்கள் வந்து பல ஆண்டுகள் ஆகிவிட்ட நிலையிலும், சாப்ளின் இதைப் பெரும்பாலும் ஊமைப் படமாகவே எடுத்தார். தொழிற்சாலைக் காட்சிகளில் கேட்கும் மனிதக் குரல்கள் இரண்டே. ஒன்று, சுவர்த் திரையில் தோன்றி வேகத்தைக் கூட்டச் சொல்லும் முதலாளியின் குரல். மற்றொன்று, இசைத்தட்டில் பேசும் இயந்திர விற்பனைக் குரல். தொழிலாளிக்கு வாயில்லை.

இதற்கு வித்திட்டது ஓர் இளம் செய்தியாளர் சொன்ன தகவல் என்று சாப்ளின் தம் சுயசரிதையில் எழுதியுள்ளார். பண்ணைகளிலிருந்து டெட்ராய்ட் தொழிற்சாலைகளுக்குப் போன திடகாத்திரமான இளைஞர்கள், நான்கைந்து ஆண்டுகள் கன்வேயர் பெல்ட்டில் உழைத்து நரம்புத் தளர்ச்சிக்கு ஆளானார்களாம்.

படத்தில் சார்லி இரு கைகளிலும் ஸ்பேனர் பிடித்து நாள் முழுக்க நட்டு முடுக்குகிறார். பெல்ட் நின்ற பிறகும் கை நிற்பதில்லை. உணவு நேரத்தை மிச்சப்படுத்த, ஊட்டிவிடும் இயந்திரம் ஒன்றை அவர் மீது சோதிக்கிறார்கள். அது தறிகெட்டு அவர் வாயில் நட்டுகளையே திணிக்கிறது! முதலாளி அதை வேண்டாம் என்கிறார். தொழிலாளி மீது இரக்கப்பட்டு அல்ல, நடைமுறைக்கு உதவாது என்பதால்.

பிற்பகுதியில் மெக்கானிக் ஒருவர் இயந்திரத்துக்குள் சிக்கிக்கொள்கிறார். அந்த நேரம் பார்த்து சாப்பாட்டு மணி அடிக்கிறது. சார்லி அவரை வெளியே இழுப்பதை விட்டுவிட்டு, பொரித்த கோழியைப் புனலாக வைத்து அவர் வாயில் காப்பி ஊற்றுகிறார். இயந்திரம் ஊட்டியதற்கும் இந்த மனிதர் ஊட்டுவதற்கும் உள்ள வேறுபாடுதான் படத்தின் உயிர்.

இப்படத்தின் முடிவாக முதலில் எடுக்கப்பட்டது வேறொன்று. நரம்புத் தளர்ச்சியிலிருந்து தேறி மருத்துவமனையில் இருக்கும் சார்லியைப் பார்க்க, பாலெட் கோடார்ட் நடித்த அந்த ஏழைப் பெண் வருகிறாள், கன்னியாஸ்திரீயாக. இருவரும் பிரிகிறார்கள். 1935இல் எடுத்த அக்காட்சியைச் சாப்ளின் நீக்கிவிட்டார். அதன் புகைப்படங்கள் எஞ்சியுள்ளன.

டெட்ராய்ட் செய்திக்கு நெருக்கமானது நீக்கப்பட்ட முடிவுதான். ஆனால் வைத்த முடிவும் பொய் சொல்லவில்லை. அழுகிற பெண்ணைச் சிரிக்கச் சொல்லி, கைகோத்து நெடுஞ்சாலையில் நடக்கிறார் சார்லி. இருவருக்கும் அப்போதும் வேலையில்லை, வீடுமில்லை.