காணாக் களமும் கேட்கும் சொல்லும்



கவிதைக்கெனக் கூடிய அவையில் விளையாட்டைப் பற்றிய பேச்சு எதற்கு என்னும் வினா எழுதல் இயல்பே. ஆயின் இங்கு எடுத்துக்கொண்ட பொருள் விளையாட்டன்று. விளையாட்டைச் சொல்லால் மட்டுமே காட்டும் கலை. காணாதவர்க்குக் களத்தைக் காட்டுவதும், முடிவு தெரியாத நிலையில் நிகழ்வைச் சொல்வதும் எளிய செயல்களல்ல. அவ்விரண்டையும் ஒருங்கே செய்வது வானொலி நேர்முக வருணனை. தமிழில் அக்கலை ஒரு காலத்தில் செழித்தது. இன்று அதன் நிலை என்ன என்பதே இவ்வுரையின் கேள்வி.

முதலில் அயல்நாட்டு நிலையை நோக்கலாம். அமெரிக்காவில் பேஸ்பால் என்றொரு ஆட்டம் உண்டு. தமிழில் அதனை அடிபந்தாட்டம் என வழங்குவர். 1921 ஆகஸ்டு 5 அன்று பிட்ஸ்பர்க் நகரின் கேடிகேஏ நிலையம் அவ்வாட்டத்தை முதன்முதலாக வானொலியில் ஒலிபரப்பியது. வருணித்தவர் ஹெரால்டு ஆர்லின். நூறாண்டு கடந்துவிட்டது. தொலைக்காட்சி வந்தது; வண்ணத் தொலைக்காட்சி வந்தது; இணையம் வந்தது. வானொலி வருணனை மறையவில்லை. இணைய வழியிலும், பின்னர்த் திறன்பேசிச் செயலி வழியிலும் அது கேட்கப்படுகிறது. கையடக்கக் கருவியில் படம் பார்க்க வசதியிருந்தும், படத்தை விடுத்துக் குரலை மட்டும் கேட்போர் பலர் அங்கு உள்ளனர்.

இதற்குக் காரணம் ஆட்டத்தின் இயல்பிலும் உண்டு. சொல்பவரின் திறத்திலும் உண்டு. அடிபந்தாட்டத்தில் ஓர் எறிக்கும் அடுத்த எறிக்கும் இடையே இடைவெளி மிகுதி. அவ்விடைவெளியைப் படம் வெறுமையாகக் காட்டும், சொல்லோ நிரப்பும். லாஸ் ஏஞ்சலிஸ் டாட்ஜர்ஸ் அணியின் ஆட்டங்களை 1950 முதல் 2016 வரை 67 பருவங்கள் வருணித்த வின் ஸ்கல்லி என்பார் இவ்விடைவெளியைக் கையாள்வதில் வல்லவர். அவ்வணி புரூக்ளினிலிருந்து லாஸ் ஏஞ்சலிசுக்கு 1958-ல் வந்தபோது, மிகப் பெரிய அரங்கொன்றில் ஆட நேர்ந்தது. பார்வையாளர் பலர் களத்திலிருந்து நெடுந்தொலைவில் அமர்ந்தனர். அவர்கள் டிரான்சிஸ்டர் வானொலியைக் கையோடு கொண்டுவந்து, கண்முன் நடந்த ஆட்டத்தையே ஸ்கல்லியின் சொல்லில் கேட்டனர். கண்டவர்க்கும் சொல் வேண்டியிருந்தது என்பது கருதத்தக்கது.

1965 செப்டம்பர் 9 இரவு, சாண்டி கூஃபாக்ஸ் என்னும் எறிவாளர் எதிரணியின் 27 பேரையும் ஒருவர்கூட முதல் தளத்தை எட்டாதவாறு வீழ்த்தினார். அதன் இறுதிப் பகுதியை வருணித்த ஸ்கல்லி, இடையிடையே அன்றைய நாளையும் மணியையும் சொல்லிக்கொண்டே சென்றார். பின்னர் ஒலிப்பதிவைக் கேட்போர்க்கு அது சான்றாகும் என்னும் முன்னுணர்வு அதில் உண்டு. பதிவு நின்றது, எழுத்தாயிற்று, இன்று அது நல்ல உரைநடையாகவே படிக்கப்படுகிறது. 1974 ஏப்ரல் 8 அன்று ஹாங்க் ஆரன் பழைய சாதனையை முறியடித்து 715-ஆம் முறை பந்தை எல்லைக்கு அப்பால் அடித்தபோது, அதே ஸ்கல்லி பேச்சை நிறுத்திக் கூட்டத்தின் ஆரவாரத்தைப் பேசவிட்டார். எங்கே சொல்வது என்பதோடு எங்கே சொல்லாதிருப்பது என்பதும் அறிந்தவரே சொல்வல்லார். கவிஞர்க்கு இதனை விளக்க வேண்டுவதில்லை.

இன்னொரு செய்தியும் உண்டு. தொடக்க நாள்களில் வருணனையாளரே ஆட்டத்தைக் காணாத நிலை இருந்தது. தந்திச் செய்தி வரும். நிலையத்தில் அமர்ந்தவர் அதனை ஆட்டமாக்கிச் சொல்வார். பின்னாளில் அமெரிக்கக் குடியரசுத் தலைவரான ரொனால்டு ரீகன் 1930-களில் அப்பணி செய்தவர். ஒரு நாள் தந்தி தடைபட்டபோது, செய்தி மீண்டும் வரும்வரை மட்டையாளர் பந்தைத் திரும்பத் திரும்ப ஓரங்களில் தட்டிவிடுவதாகவே சொல்லி அவர் காலம் கடத்தினார். 1938-ல் ஆஸ்திரேலிய அணி இங்கிலாந்தில் ஆடிய கிரிக்கெட்டைச் சிட்னி நிலையத்தார் இவ்வாறே சொன்னார்கள். பந்து மட்டையில் படும் ஓசைக்காக எழுதுகோலால் மரத்தைத் தட்டினார்கள். காட்சி இல்லாத இடத்தில் சொல்லே காட்சியாயிற்று.

இனித் தமிழகத்திற்கு வரலாம். 1924-ல் சி. வி. கிருஷ்ணசாமி செட்டியார் முன்னின்று தொடங்கிய சென்னை மாகாண வானொலிச் சங்கம் இந்நாட்டு ஒலிபரப்பின் முன்னோடிகளுள் ஒன்று. 1930 முதல் சென்னை மாநகராட்சி ஒலிபரப்பியது. 1938 ஜூன் 16 அன்று அகில இந்திய வானொலியின் சென்னை நிலையம் தோன்றியது. ஆங்கிலத்தில் 1934-லேயே பம்பாயில் தால்யார்கான் கிரிக்கெட் வருணனை செய்துவிட்டார். தமிழ் வருணனை அதற்கு நெடுங்காலம் பின்னர், பெரும்பாலும் சேப்பாக்கத்தில் நடந்த ஆட்டங்களுக்கு வாய்த்தது. சாத்தான்குளம் அப்துல் ஜப்பார், ராமமூர்த்தி ஆகியோர் குரல்களை ஒரு தலைமுறையே அறியும். 2020-ல் மறைந்த ஜப்பார் வானொலி நாடகக் கலைஞரும் ஆவார். முகம் காட்டாது, குரலொன்றால் பாத்திரத்தை நிறுத்தும் பயிற்சி ஆடுகளத்தை நிறுத்துதற்கும் உதவிற்று எனல் பொருந்தும்.

பொங்கலையொட்டிச் சேப்பாக்கத்தில் டெஸ்ட் நடந்த காலம் அது. 416.7 மீட்டர், அதாவது 720 கிலோஹெர்ட்ஸ் என்னும் சென்னை அலைவரிசையைத் திருப்பிவைத்த வீட்டில், கரும்பும் மஞ்சளும் இருந்த முற்றத்தில், களமும் இருந்தது. 1988 ஜனவரியில் நரேந்திர ஹிர்வானி தம் முதல் டெஸ்டிலேயே 136 ஓட்டங்கள் கொடுத்து 16 விக்கெட்டுகளை வீழ்த்தியதும் அத்தகைய பொங்கல் நாள்களில்தான். கொளவாய் ஏரியைத் தாண்டிச் சென்றிராத சிறுவனுக்கும் வாலாஜா சாலை முனை, பட்டாபிராமன் வாயில் முனை என்னும் பெயர்கள் தெரிந்திருந்தன. அவன் கண்டிராத திடலின் திசைகளைச் சொல் அவனுக்குக் கற்பித்திருந்தது.

தமிழில் வருணிப்போர்க்கு ஒரு தனி இடர் உண்டு. ஆங்கிலத்தில் வினைச்சொல் முன்னே வந்துவிடும். தமிழிலோ எழுவாய், செயப்படுபொருள், பயனிலை என்பது இயல்பான வரிசை. வினை இறுதியில் நிற்கும். 'இன்னார் வீசிய பந்தை இன்னார் முன்காலில் வந்து தடுத்தார்' என முடிப்பதற்குள் அடுத்த பந்துக்கு வீச்சாளர் ஓடத் தொடங்கிவிடுவார். இவ்விடரைத் தமிழ் வருணனை மூன்று வழிகளில் வென்றது எனலாம். ஒன்று, தொடரைக் குறுக்குதல்: ஓடி வருகிறார், வீசுகிறார், தடுக்கிறார், ஓட்டம் இல்லை. இரண்டு, வரிசையை மாற்றுதல்: 'அடித்துவிட்டார், எல்லைக்கோட்டை நோக்கி' என வினையை முன்னிறுத்தல். பேச்சுத் தமிழில் இது வழக்கமே. மூன்றாவது, காலத்தைப் பிறழ்த்துதல். பந்து வானில் இருக்கும்போதே 'போய்விட்டது' என்பர். பிடிப்பவர் கைக்கு வருமுன்னரே 'ஆட்டமிழந்தார்' என்பர். விரைவு, மிகுதி, தெளிவு முதலிய காரணங்களால் காலம் பிறழ்ந்து வரலாம் என நன்னூலார் அமைதி கூறியுள்ளார். நூற்பாவில் உறங்கிய வழுவமைதிக்கு வானொலி உயிருள்ள எடுத்துக்காட்டாயிற்று.

காணாத போரைக் கேட்கும் மரபு இந்நிலத்திற்குப் புதிதன்று. கலிங்கத்துப்பரணியில் காளி போரை நேரில் காணவில்லை. கூளி கூறக் கேட்கிறாள். செங்கற்பட்டுப் பகுதித் திரௌபதி அம்மன் கோயில்களின் அக்கினி வசந்த விழாவில், பகலில் பாரதச் சொற்பொழிவு; இரவில் கூத்து; நிறைவில் துரியோதனன் படுகளம். பதினெட்டு நாள் போரைக் காதால் கேட்டுக் கண்ணால் கண்டு பழகிய ஊர்கள் இவை.

ஆயினும் ஒரு வேறுபாட்டை இங்குக் குறித்தல் வேண்டும். வருணனையாளரைச் சஞ்சயனோடு ஒப்பிடுதல் வழக்கம். வியாசர் பாரதத்தில் சஞ்சயன் களத்திலிருந்து வந்து, வீடுமர் வீழ்ந்தார் என்னும் முடிவை முதலில் சொல்லி, அதன் பின்னரே நிகழ்ந்தவற்றை விரிக்கிறான். கேட்கும் திருதராட்டிரன் துயரத்தோடு கேட்கிறானேயன்றி ஐயத்தோடு கேட்பதில்லை. கோயில் திடலில் அமர்ந்திருப்போரும் முடிவறிந்தவரே. நேர்முக வருணனையிலோ சொல்பவரும் முடிவறியார், கேட்பவரும் அறியார். 1986 செப்டம்பர் 22 அன்று சேப்பாக்கத்தில் இந்தியாவும் ஆஸ்திரேலியாவும் ஆடிய ஆட்டத்தில், கடைசி ஓவரின் ஐந்தாம் பந்தில் மணீந்தர் சிங் ஆட்டமிழக்க, இரு அணியின் மொத்த ஓட்டங்களும் சமமாயின. டெஸ்ட் வரலாற்றில் அவ்வாறு முடிந்த இரண்டாம் ஆட்டம் அது. அந்த ஐந்தாம் பந்துக்கு முன்னுள்ள நொடியில் சொல்லும் கேட்பும் ஒரே இருளில் நின்றன. முடிவறியாச் சொல் என்னும் இவ்வகை பழைய இலக்கியத்தில் அரிது; இக்காலம் மொழிக்குத் தந்த புதுக்கொடை அது.

இன்று செங்கற்பட்டிலிருந்து கடற்கரை நிலையம் செல்லும் மின்தொடர் வண்டியில் திறன்பேசி இல்லாத கை அரிது. பிரசார் பாரதியின் நியூஸ்ஆன்ஏர் செயலியில் நாடெங்குமுள்ள 200-க்கு மேற்பட்ட வானொலிச் சேவைகள் கிடைக்கின்றன. கருவி உண்டு, வழி உண்டு, கேட்கும் காதும் உண்டு. தமிழில் கிரிக்கெட் வருணனையும் முன்னினும் மிகுதியாக உண்டு. 2017-ல் தமிழுக்கெனத் தனி விளையாட்டு அலைவரிசை வந்தது. ஐபிஎல் ஆட்டங்களைத் தமிழ்ப் பேச்சோடு திறன்பேசியில் பார்க்க இயல்கிறது. ஆனால் அது படத்திற்குத் துணையாக வரும் பேச்சு. பந்து எங்கே சென்றது எனச் சொல்ல வேண்டிய கடமை அதற்கு இல்லை. ஆகவே உரையாடலும் நகைச்சுவையும் மிகுந்து, வருணனை மெலிந்தது. படத்தை மறைத்துக் கேட்டால் களம் தோன்றுவதில்லை.

இதனால் இழப்போர் யாவர்? மாமல்லபுரத்துச் சிற்பக்கூடத்தில் உளியின் மேல் கண்வைத்திருப்பவர் திரையை நோக்க இயலாது. கடற்கரையில் வலையைச் சீர்செய்பவரும் அவ்வாறே. கிழக்குக் கடற்கரைச் சாலையில் வண்டி ஓட்டுபவர் நோக்கவே கூடாது. எல்லார்க்கும் மேலாக, கண்பார்வை அற்றவர்க்கு விளையாட்டரங்கின் வாயில் வானொலி வருணனை ஒன்றே. அவ்வாயில் அவர்தம் தாய்மொழியில் ஒடுங்கிவருவது சிறு செய்தியன்று.

திறன்பேசி வழிக் கேட்பில் ஒரு நுட்பமும் உண்டு. இணையத்தில் ஒலி சிறு துண்டுகளாகப் பகுக்கப்பட்டு, கருவியில் ஓரளவு சேர்ந்த பின்னரே ஒலிக்கிறது. ஆதலின் சில வினாடிகள் முதல் ஏறத்தாழ ஒரு நிமிடம் வரை பிந்தி வரும். அண்டை வீட்டு ஆரவாரம் முந்திவிடும். முடிவறியாமை அக்கணமே கலைந்துவிடும். பண்பலையை நேரே ஏற்கும் திறன்பேசிக்கு இப்பிந்துதல் பெரிதும் இல்லை, இணையமும் தேவையில்லை. பேரிடர்க் காலத்தை எண்ணி, அவ்வசதியை முடக்காதிருக்குமாறு நடுவண் அரசு 2023 ஏப்ரலில் கருவி செய்வோர்க்கு அறிவுறுத்தியது. 2022 டிசம்பர் 9 இரவு மாண்டஸ் புயல் மாமல்லபுரம் அருகே கரையைக் கடந்ததை அறிந்தவர்க்கு அவ்வறிவுரையின் பொருள் விளங்கும்.

ஆங்கிலம் அல்லாத மொழியில் இக்கலை நிலைக்குமா என ஐயுறுவோர்க்கு ஒரு சான்று உண்டு. எக்குவடோரிலிருந்து வந்த ஹைமே ஹரீன் என்பார் 1959 முதல் 2022 வரை அதே டாட்ஜர்ஸ் அணியின் ஆட்டங்களை ஸ்பானிய மொழியில் வருணித்தார். தொடக்க ஆண்டுகளில் வெளியூர் ஆட்டங்களை, ஆங்கில ஒலிபரப்பைக் கேட்டபடியே நிலையத்திலிருந்து தம் மொழியில் ஆக்கித் தந்தார். ஸ்பானிய மொழி 'ஹோம் ரன்' என்பதை 'ஹொன்ரோன்' எனத் தன் நாவுக்கேற்ப ஏற்றுக்கொண்டது. தமிழ் வருணனையும் விக்கெட்டையும் ஓவரையும் அவ்வாறே ஏற்று, மட்டையாளர், பந்துவீச்சாளர், களத்தடுப்பு, சுழற்பந்து என்பனவற்றைத் தானே வழக்கில் நாட்டியது. அவை அகராதிக் குழுவின் அறையில் மட்டும் வளர்ந்தவை அல்ல. ஓடும் பந்தின் வேகத்தில் நாவில் தேய்ந்து செப்பமுற்றவை.

ஸ்கல்லியின் சொல் பதிவாகி நின்றது. தமிழ் வருணனையின் பெரும்பகுதி காற்றோடு போயிற்று. அதனைக் கேட்ட தலைமுறை முதுமை எய்திவிட்டது. இவ்வட்டம் தன் அடுத்த பத்தாண்டுக்கு மூன்று பணிகளை மேற்கொள்ளலாம். கேட்டவர் நினைவிலுள்ள சொற்களையும் தொடர்களையும் அவர் குரலிலேயே திறன்பேசியில் பதிவு செய்தல் முதற்பணி. வீடுகளில் கிடக்கும் பழைய ஒலிநாடாக்களில் வருணனைத் துணுக்குகள் உளவா எனத் தேடுதல் இரண்டாம் பணி.

மூன்றாவது கவிஞர்க்குரியது. மாமல்லபுரக் கரையில் விடியற்காலை நின்று, அலையைக் கடந்து கரையேற முனையும் ஒரு படகைப் பத்து நிமிடம் வாயால் வருணித்தல். அதனைக் காணாத ஒருவர் கேட்டு, தாம் கண்டதைத் திருப்பிச் சொல்லுதல். படகு எந்த அலையில் ஏறும், எந்த அலையில் பின்வாங்கும் என்பது சொல்பவர்க்குத் தெரியாது. திருத்தி எழுத நேரமில்லை. அடித்து எழுதத் தாளில்லை. அந்நிலையில் நாவுக்கு வரும் சொல்லே ஒருவர்க்கு உண்மையில் உடைமையான சொல். அதனை அறிந்துகொள்ளக் கவிஞர்க்கு இதைவிட நேரிய தேர்வு இல்லை.