இடாப்பில் சிவப்புக் கோடு



சங்கச் செயலாளர் என்னை அழைத்தபோது, "டீச்சர், பழைய நினைவுகளைப் பேசுங்கள், பத்து நிமிடம் போதும்" என்றார். நாற்பது நிமிடப் பாடவேளைக்குப் பழகிய ஆளிடம் பத்து நிமிடம் என்பது கொஞ்சம் அநியாயம். ஆகவே ஒரே ஒரு விடயத்தை மட்டும் பேசுகிறேன்.

நமது பாடசாலை கலவன் பாடசாலை. பதுளை நகரை விட்டுச் சற்றுத் தள்ளி, கோயில் வளவுக்குள் மிஷன் நடத்திய பாடசாலை. உதவி பெறும் பாடசாலைகளை அரசாங்கம் பொறுப்பேற்க 1960இலும் 1961இலும் சட்டங்கள் வந்தபோது நம் பெயர்ப்பலகையும் மாறியது. சிஸ்டர்மார் மாறவில்லை. அதே வெள்ளை உடுப்பில், அதே பிரம்போடு வந்தார்கள்.

அந்த நாளில் தோட்டப் பாடசாலை என்றால் பெரும்பாலும் ஒரு கட்டடம், ஒரு வாத்தியார், ஐந்தாம் வகுப்போடு சரி. அதற்கு மேல் படிக்க ஆசைப்பட்ட பிள்ளை டவுனுக்கு வர வேண்டும். ஸ்பிரிங்வெலிப் பக்கமிருந்தும், பசறை ரோட்டிலிருந்தும், ஹாலிஎலையிலிருந்தும் நடந்தே வந்தோம். மழைக்காலத்தில் காலில் அட்டை ஏறும். வாசலில் ஒரு வாளித் தண்ணீரும் ஒரு துண்டுச் சவர்க்காரமும் எப்போதும் இருக்கும். வைத்தது எந்தச் சிஸ்டர் என்று கடைசிவரை எங்களுக்குத் தெரியாது.

கலவன் பாடசாலையில் ஒன்று கண்ணுக்கு நேரே தெரியும். வலது பக்கம் பையன்கள், இடது பக்கம் நாங்கள். ஆறாம் வகுப்பில் இரண்டு பக்கமும் வாங்குகள் நிறைந்திருந்தன. எட்டாம் வகுப்பில் எங்கள் பக்கத்துப் பின்வாங்கு காலி. ஒருத்தி சமைந்துவிட்டாள், இனி வரமாட்டாள். ஒருத்திக்குத் தம்பியைப் பார்த்துக்கொள்ள வேண்டும். இன்னொருத்திக்குச் செக்ரோலில் பேர் பதிந்தாயிற்று. அவளுடைய அண்ணன் மட்டும் வலது பக்கத்தில் தொடர்ந்து இருந்தான். 1973, 74இல் அரிசிக்கும் மாவுக்கும் பஞ்சம் வந்து தோட்டங்களில் உயிர்களே போனபோது, இரண்டு பக்கமும் காலியாயின. அதைப் பற்றி இன்னொரு நாள் பேசலாம். பேசத்தான் வேண்டும்.

என் பக்கத்தில் இருந்தவள் கணக்கில் என்னைவிடக் கெட்டிக்காரி. பெயர் சொல்ல மாட்டேன், பேரப்பிள்ளைகள் வாசிப்பார்கள். அவளுடைய அப்பா இந்தியப் பாஸ்போர்ட்டுக்கு எழுதிப் போட்டிருந்தார். 1964 ஒக்டோபர் 30ஆம் திகதி கையெழுத்தான சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் உங்களுக்குத் தெரியும்: 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேர் இலங்கைக்கு. மீதி 150,000 பேரைப் பத்து வருடம் கழித்து ஆளுக்குப் பாதியாகப் பிரித்தார்கள். இப்படி ஒரு வகுத்தலைச் சிஸ்டர் எங்களுக்குச் சொல்லித் தரவே இல்லை.

1924இல் பதுளைக்கு வந்த ரெயில்பாதை இங்கேயே முடிந்துவிடுகிறது. எங்களுக்கு அது கடைசி ஸ்டேஷன், அவர்களுக்கு அங்கிருந்துதான் பயணம். ஒப்பாரிக் கோச்சி என்றுதான் சனங்கள் சொன்னார்கள். இங்கிருந்து தலைமன்னார், கப்பலில் இராமேஸ்வரம், பிறகு மண்டபம் முகாம். அவள் தன் கொம்பாஸ் பெட்டியை என்னிடம் தந்துவிட்டுப் போனாள். சாதாரண தரப் பரீட்சையை அதை வைத்துத்தான் எழுதினேன்.

நீலகிரியிலிருந்து மூன்று கடிதம் போட்டாள். தாயகம் திரும்பியவர்களுக்காகத் தமிழ்நாடு அரசு 1968இல் தொடங்கிய தேயிலைத் தோட்டத்தில் அம்மாவோடு கொழுந்து எடுப்பதாக எழுதியிருந்தாள். பள்ளிக்கூடம் பற்றி ஒரு வரியும் இல்லை. நான் ஒரு கடிதத்துக்குத்தான் பதில் போட்டேன். பரீட்சை என்று சாக்குச் சொல்லிக்கொண்டேன். பரீட்சை முடிந்த பிறகும் எழுதவில்லை.

சென்ற வருடம் இந்த மலருக்காகப் பழைய படங்களைத் தேடியபோது, அதிபர் அவர்கள் சேர்வு இடாப்பைப் பார்க்க அனுமதித்தார். எங்கள் வகுப்பைப் புரட்டினேன். பெண்பிள்ளைகளின் பெயர்களில் பாதிக்கு மேல் சிவப்புக் கோடு. குறிப்புக் கட்டத்தில் "விலகியது", "தோட்ட வேலை", "வரவில்லை". அவளுடைய பெயருக்கு நேரே "இந்தியா" என்று ஒரே சொல்.

அதே மாதம் அவளுடைய மகள் மூலம் தொலைபேசி இலக்கம் கிடைத்தது. ஐம்பது வருடத்துக்குப் பிறகு குரலைக் கேட்டேன். நூற்றாண்டு விழா என்றதும் அவள் கேட்டது இதுதான்: "நான் எட்டாம் வகுப்போட நின்னவதானே புள்ள, என்னையும் பழைய மாணவின்னு சேர்ப்பாங்களா?"

நான் பதில் சொல்லவில்லை. ஏனென்றால் நமது சங்க யாப்பின்படி விடுகைப் பத்திரம் காட்டினால்தான் அங்கத்துவம். அந்த விதியை எழுதிய செயற்குழுவில் நானும் இருந்தேன். அன்றைக்கு எனக்கு எதுவும் தோன்றவில்லை.

இன்று கேட்கிறேன்: சேர்வு இடாப்பில் பெயர் இருந்தால் போதும் என்று விதியை மாற்றுவோம். ஒரு நாள் வந்து அமர்ந்தவளும் இந்தப் பாடசாலைப் பிள்ளைதான். "எப்படி நிரூபிப்பது?" என்று செயற்குழுவில் ஒரு தங்கை கேட்டார். நியாயமான கேள்வி. இடாப்பே சாட்சி; சிவப்புக் கோட்டுக்கு அடியில் பெயர் இன்னும் தெளிவாக வாசிக்கக்கூடியதாக இருக்கிறது. கோத்தகிரியில், கூடலூரில், வால்பாறையில், கொழும்பில் வீட்டு வேலைக்குப் போன இடங்களில், இன்னும் இங்கே லயத்திலேயே இருப்பவர்களிடம், யாருக்கு யாரைத் தெரியுமோ அவர்கள் விசாரியுங்கள். வெளிநாட்டில் இதை வாசிக்கும் சகோதரிகள், உங்கள் வாங்கில் பக்கத்தில் இருந்தவளின் பெயரை எழுதி அனுப்புங்கள். சந்தாப் பணம் அவர்களிடம் கேட்க வேண்டாம்.

வருகிற சனிக்கிழமை காலை ஒன்பது மணிக்கு அலுவலக அறையைத் திறந்து வைப்பதாக அதிபர் சொல்லியிருக்கிறார். பெயர்களைப் பிரதி எடுக்க ஆட்கள் தேவை. வாருங்கள். எழுத்து மிகவும் பொடி, மூக்குக் கண்ணாடியை மறந்துவிட வேண்டாம்.